மேவிபோசேத்தின் நிலம்

வாராந்தரத் தியானம்
வேதவாசிப்பு: 2 சாமுவேல் 9:1-13, 16:1-4, 19:24-30



மேவிபோசேத்தைக் குறித்துப் பிரசங்கிக்கும்போது நாம் பெரும்பாலும் ஒன்பதாம் அதிகாரத்தோடு நிறுத்திக்கொள்கிறோம். ஐந்து வயதில் தாதியின் கையிலிருந்து விழுந்து இரண்டு கால்களும் முடமாகிப்போன யோனத்தானின் மகன், லோதேபாரிலிருந்து அழைத்துவரப்பட்டு, ராஜாவின் பந்தியில் நாள்தோறும் அமர்கிறான். அந்த இடத்தில் வேதாகமத்தை மூடிவைத்தால் கதை இனிமையாக முடிந்துவிடும். ஆனால் சாமுவேலின் புத்தகம் அவனை அங்கே விட்டுவிடவில்லை. பதினாறாம் அதிகாரத்திலும் பத்தொன்பதாம் அதிகாரத்திலும் அவன் மீண்டும் வருகிறான். அந்த இரண்டு பகுதிகளும் சற்றுக் கசப்பானவை.

அவனுடைய நிலத்தைப் பயிரிட்டு விளைச்சலைக் கொண்டுவந்து கொடுக்கும்படி தாவீது நியமித்த ஊழியக்காரன் பெயர் சீபா. அவனுக்கு 15 குமாரரும் 20 வேலைக்காரரும் இருந்தனர். அப்சலோமுக்குத் தப்பி ராஜா எருசலேமை விட்டு ஓடுகிற நாளில், சேணம் வைத்த கழுதைகளோடும் 200 அப்பங்களோடும் திராட்சரசத்தோடும் சீபா எதிரே வந்து நிற்கிறான். எஜமான் எங்கே என்ற கேள்விக்கு, அவன் தனக்கு ராஜ்யம் கிடைக்குமென்று தலைநகரிலேயே தங்கிவிட்டான் என்று பதில் சொல்கிறான். தாவீது மறுதரப்பைக் கேட்கவில்லை. நின்ற இடத்திலேயே, மேவிபோசேத்துக்கு உரியது யாவும் சீபாவுக்கு என்று தீர்ப்பளித்துவிடுகிறார். கலகம் அடங்கி ராஜா திரும்பும்போது, கால்களைச் சுத்தம்பண்ணாமலும் தாடியைத் திருத்தாமலும் வஸ்திரங்களை வெளுக்காமலும் இருந்த ஒருவன் அவரைச் சந்திக்க வருகிறான். கழுதைக்குச் சேணம் வைத்துப் புறப்பட நினைத்தும், முடவனான தன்னை வேலைக்காரன் வஞ்சித்துவிட்டான் என்கிறான். தாவீது தன் தீர்ப்பை முழுவதுமாகத் திருத்தவில்லை. நிலத்தை இருவரும் பாதியாகப் பிரித்துக்கொள்ளட்டும் என்கிறார்.

மேவிபோசேத் உண்மை பேசினானா என்று ஐயப்படும் வியாக்கியானிகளும் உண்டு. அந்த வெளுக்காத வஸ்திரம் அவனுக்காகச் சாட்சி சொல்கிறது என்பதே என் எண்ணம். ராஜ்யத்துக்கு ஆசைப்பட்டவன் தாடியையாவது திருத்தியிருப்பான்.

இந்த வாரம் இப்பகுதியை வாசித்தபோது, நம் காலத்திலேயே நடந்த ஒரு வரலாறு நினைவுக்கு வந்தது. இயலாதவர்களின் பெயரால் நியமிக்கப்பட்ட ஊழியக்காரன் செய்த வஞ்சனையும், அவசரத்தில் எழுதப்பட்ட தீர்ப்பும், பாதியளவில் திரும்பிய சுதந்தரமும் அதில் இருக்கின்றன. அதை ஒரு சிறிய நாட்டின் பக்கத்தில் நின்று பார்த்தால் நன்றாக விளங்கும். பெரிய நாடுகளுக்கு ஒரு வாசல் அடைபட்டால் பத்து வாசல்கள் திறந்திருக்கும். சிறிய நாட்டுக்கு அப்படியல்ல.

அந்த நாடு ஐஸ்லாந்து. வடக்கு அட்லாண்டிக் கடலில், ஆர்க்டிக் வட்டத்தைத் தொட்டுக்கொண்டிருக்கும் எரிமலைத் தீவு. நான் சொல்லப்போகும் 2012ஆம் ஆண்டில் அதன் மொத்த மக்கள்தொகை ஏறத்தாழ 3,20,000. நம் நாட்டின் நடுத்தர நகரம் ஒன்றிலே அதைவிட அதிகமானவர்கள் வாழ்கிறார்கள். அவர்களில் பெரும்பாலானோர் லுத்தரன் திருச்சபையைச் சேர்ந்தவர்கள். அவர்களில் பெரும்பாலோருக்குக் குடும்பப் பெயர் கிடையாது என்பது நமக்கு நெருக்கமாகத் தோன்றும் செய்தி. தகப்பன் பெயரோடு மகன் அல்லது மகள் என்ற சொல்லைச் சேர்த்துக்கொள்வார்கள். நாம் தலைப்பெழுத்தில் அடக்குவதை அவர்கள் விரித்து எழுதுகிறார்கள், அவ்வளவே.

அறிவுசார் குறைபாடு உடையவர்களை அந்தத் தீவு எப்போதும் நன்றாக நடத்தியது என்று சொல்ல முடியாது. 1936இல் அவர்களுக்கான விடுதிகளைப் பற்றி இயற்றப்பட்ட சட்டத்தின் தலைப்பிலேயே, இன்று வசவாக மட்டும் வழங்கும் ஒரு சொல் இருந்தது. சிற்றறிவுள்ளவன் என்பது அதன் பொருள். 1938இல் வந்த மற்றொரு சட்டம் கருத்தடைக்கு இடம்கொடுத்தது. 1952இல் தொடங்கப்பட்ட கோபவோகுர் விடுதியில் வளர்ந்த பிள்ளைகள் பட்ட துன்பத்தை 2017இல் வெளியான அரசு விசாரணை அறிக்கை எடுத்துரைத்தது. நாடு அவர்களிடம் மன்னிப்புக் கேட்டது.

அந்த இருளுக்குள்ளும் ஒரு விளக்கு இருந்தது. 1930 ஜூலை 5 அன்று, செஸ்ஸெல்யா சிக்முண்ட்ஸ்டோட்டிர் என்ற 28 வயதுப் பெண் தீவின் தென்பகுதியில் பிள்ளைகளுக்கான ஓர் இல்லத்தைத் தொடங்கினார். வெந்நீர் ஊற்று உள்ள அந்த நிலத்தை வாங்கித் தந்தது ஐஸ்லாந்துத் திருச்சபையின் பிள்ளைகள் நலக் குழு. தொடக்கத்தில் கட்டடம் இல்லை. கூடாரங்களில் குடியிருந்தார்கள். இல்லத்துக்குச் சூரியனின் பெயரைச் சூட்டி சோல்ஹெய்மர் என்று அழைத்தார்கள். ஆதரவற்ற பிள்ளைகளுக்காகத் தொடங்கிய இல்லத்துக்கு விரைவிலேயே அறிவுசார் குறைபாடுள்ள பிள்ளைகளும் வந்து சேர்ந்தனர். செஸ்ஸெல்யா அவர்களைத் தனிக் கட்டடத்தில் பிரித்து வைக்கவில்லை. எல்லாப் பிள்ளைகளும் சேர்ந்து உண்டு, சேர்ந்து விளையாடி, சேர்ந்து தோட்டத்தில் வேலை செய்தார்கள். அதிகாரிகளுக்கு இது பிடிக்கவில்லை. மற்றப் பிள்ளைகள் கெட்டுப்போவார்கள் என்றார்கள். பிள்ளைகளுக்குக் காய்கறி அதிகமாகக் கொடுக்கிறார் என்பதும் அவர்மேல் சுமத்தப்பட்ட குற்றங்களில் ஒன்று! இல்லத்தை அவர் கையிலிருந்து எடுத்துவிட அரசு முயன்றும் அவர் அசையவில்லை. 1974இல் இறக்கும்வரை அங்கேயே இருந்தார். இன்று சோல்ஹெய்மர் ஒரு சிறு கிராமமாக வளர்ந்து நிற்கிறது.

அந்தக் கிராமத்தில் வாழ்ந்த ரெய்னிர் பேத்துர் என்பவர் 1985ஆம் ஆண்டின் கோடையில் தீவைச் சுற்றிவரும் நெடுஞ்சாலை வழியாகக் கால்நடையாகப் புறப்பட்டார். தாமும் தம் நண்பர்களும் விளையாட ஓர் அரங்கம் வேண்டும், அதற்குப் பணம் திரட்ட வேண்டும் என்பதே நோக்கம். ஏறத்தாழ 1,400 கிலோமீட்டரை ஒரு மாத காலத்தில் நடந்து முடித்தார். அவர் கடந்துபோன ஊர்களில் மக்கள் வெளியே வந்து நின்று வரவேற்றார்கள். பணம் சேர்ந்தது, அரங்கமும் எழுந்தது. அந்தத் தலைமுறை ஐஸ்லாந்தியருக்கு அவரைத் தெரியாமல் இருக்காது. அறிவுசார் குறைபாடு உடையவர்களுக்குச் செய்யப்படும் உதவியைப் பற்றியே நாம் பேசிப் பழகியிருக்கிறோம். அந்தக் கோடையில் அப்படிப்பட்ட ஒருவர் தம் அயலாருக்காக நடந்தார், நாடு அவரைப் பின்தொடர்ந்தது.

இதற்கிடையில் சட்டங்களும் மாறத் தொடங்கியிருந்தன. பெற்றோர்களும் நண்பர்களும் சேர்ந்து 1976இல் ஒரு தேசியச் சங்கத்தை அமைத்தார்கள். 1979இல் மாற்றுத்திறனாளிகளுக்கான விளையாட்டுச் சங்கமும் உருவானது. அடுத்த ஆண்டே ஐஸ்லாந்து முதன்முறையாகப் பாராலிம்பிக் போட்டிகளில் கலந்துகொண்டது.

அவர்களுக்கு நீச்சல் ஏன் கைகூடியது என்பதையும் சொல்ல வேண்டும். மீன்பிடித்தே பிழைத்த தீவில், கரையைக் கண்ணால் காணும் தூரத்திலேயே படகு கவிழ்ந்து மடிந்தவர்கள் ஏராளம், ஏனெனில் அவர்களுக்கு நீந்தத் தெரியாது. 1940இல் பள்ளிப் பிள்ளைகள் எல்லாரும் நீச்சல் கற்றாக வேண்டும் என்று சட்டம் செய்தார்கள். பூமியின் அடியிலிருந்து வெந்நீர் தானே பொங்கிவருவதால், பனிக்காலத்திலும் திறந்தவெளிக் குளங்களில் நீந்தலாம். ஏறக்குறைய ஒவ்வோர் ஊரிலும் ஒரு பொதுக்குளம் உண்டு. போதகரும் மீனவரும் அமைச்சரும் ஒரே வெந்நீர்த் தொட்டியில் உட்கார்ந்து ஊர்க்கதை பேசுவார்கள். அந்தக் குளத்துக்குள் இறங்குவதற்கு யாருடைய அறிவையும் எவரும் அளந்து பார்ப்பதில்லை.

இனி உலக மேடைக்கு வருவோம். அறிவுசார் குறைபாடு உடையோருக்கான ஸ்பெஷல் ஒலிம்பிக்ஸ் என்ற இயக்கம் 1968இல் சிகாகோ நகரில் யூனிஸ் கென்னடி ஷ்ரைவரின் முயற்சியால் தொடங்கியது. அங்கே எல்லாரும் பங்குபெறலாம். ஒத்த திறமை உள்ளவர்களைச் சிறு சிறு பிரிவுகளாகச் சேர்த்து ஓடவிடுவார்கள். பாராலிம்பிக் வேறு வகையானது. தகுதி நேரத்தை எட்டியவர்களே அங்கே செல்ல முடியும், வெற்றியும் தோல்வியும் மற்ற வீரர்களுக்கு உள்ளபடியே இருக்கும். இரண்டையும் பலர் ஒன்றென எண்ணிக்கொள்வதால் இதைச் சொல்கிறேன். இந்த வரலாறு இரண்டாவதைப் பற்றியது.

உடல் குறைபாடு உள்ள வீரர்களுக்குத் திறந்திருந்த பாராலிம்பிக் வாசல், அறிவுசார் குறைபாடு உடையோருக்கு நெடுங்காலம் திறக்கவில்லை. 1992 செப்டம்பரில், பார்சிலோனாவில் பாராலிம்பிக் முடிந்த மறுநாளே, இவர்களுக்கென்று தனியாக மாட்ரிட் நகரில் போட்டிகள் நடந்தன. எழுபதுக்கும் மேற்பட்ட நாடுகள் வந்தன. ஐஸ்லாந்திலிருந்து சென்ற சிக்ருன் ஹுல்ட் ஹ்ராஃப்ன்ஸ்டோட்டிர் என்ற 22 வயதுப் பெண் நீச்சல் குளத்தில் பல தங்கப் பதக்கங்களை வென்று வந்தார். பின்னாளில் அவர் ஓவியராக அறியப்பட்டார். அவருடைய பெயர் விளையாட்டு வரலாற்றில் அரிதாகவே பேசப்படுகிறது. மாட்ரிட் போட்டிகள் பார்சிலோனாவின் நிழலில் நடந்தவை, செய்தியாளர்களில் பலர் அதற்குள் ஊர் திரும்பியிருந்தார்கள்.

அந்த மாட்ரிட் போட்டிகளை நடத்துவதில் முன்னின்றவர் பெர்னாண்டோ மார்ட்டின் விசென்டே. பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். ஸ்பெயினில் அறிவுசார் குறைபாடு உடையோருக்கான விளையாட்டுக் கூட்டமைப்பின் தலைவர் அவர். பிற்பாடு அவர்களுக்கான உலகச் சங்கத்துக்கும் தலைவரானார். அந்த நிலத்தைப் பண்படுத்தியதில் அவருக்குப் பங்கு உண்டு என்பதை மறுக்கலாகாது. சீபாவும் பல ஆண்டுகள் நிலத்தைப் பயிரிட்டவன்தான்.

1996இல் அட்லாண்டாவில் சிலருக்கும், 2000இல் சிட்னியில் இன்னும் பலருக்கும் பாராலிம்பிக் வாசல் திறந்தது. சிட்னியில் கூடைப்பந்தும் சேர்க்கப்பட்டது. இறுதி ஆட்டத்தில் ஸ்பெயின் அணி ரஷ்யாவை 87க்கு 63 என்ற கணக்கில் வென்று தங்கம் பெற்றது. வீரர்களின் படம் ஸ்பெயின் நாளிதழில் வெளியானபோது, வாசகர்கள் சிலருக்கு அந்த முகங்கள் எங்கோ பார்த்த முகங்களாகத் தோன்றின. நவம்பர் மாதத்தில் அதே அணியில் ஆடிய கார்லோஸ் ரிபகோர்டா என்பவர் தம் பதக்கத்தைத் திருப்பிக் கொடுத்து, உண்மையை ஒரு பத்திரிகையில் எழுதினார். அவர் ஒரு பத்திரிகையாளர். அவருக்கு எந்தக் குறைபாடும் இல்லை. தமக்கு நடந்த சோதனையெல்லாம் சில தண்டால் எடுத்ததும் இரத்த அழுத்தம் பார்த்ததுமே என்று அவர் தெரிவித்தார். 12 பேர் கொண்ட அணியில் 10 பேர் அவரைப் போன்றவர்களே என்பது விசாரணையில் வெளிப்பட்டது. பதக்கம் வந்தால் அரசு மானியமும் நிறுவனங்களின் ஆதரவும் வரும். வஞ்சனையின் வேர் அங்கே இருந்தது.

வேதாகமத்தில் ஆள்மாறாட்டம் செய்தவர்கள் பலர் உண்டு. வெள்ளாட்டுக்குட்டித் தோலைக் கைகளில் சுற்றிக்கொண்டு மூத்தவனாக வந்த யாக்கோபும், பூசணம்பூத்த அப்பத்தைக் காட்டித் தூரதேசத்தாராக நடித்த கிபியோனியரும் நமக்குத் தெரிந்தவர்களே. ஆனால் பலமுள்ளவன் பலவீனனாக வேடமிட்டு, பலவீனனுக்கு வைத்த இடத்தில் போய் அமர்ந்ததைப் பார்க்கப் பெதஸ்தா குளத்துக்குத்தான் போக வேண்டியிருக்கிறது. 38 வருஷம் வியாதியாயிருந்த அந்த மனுஷனின் முறையீடு என்ன? தண்ணீர் கலங்கும்போது தனக்கு முன்னே வேறொருவன் இறங்கிவிடுகிறான் என்பதே. முந்தி இறங்கியவர்களும் ஏதோ ஒரு விதத்தில் நோயாளிகளாகவாவது இருந்தார்கள். சிட்னியில் அந்தச் சாக்கும் இல்லை.

அந்த அணியில் மீதமிருந்த இரண்டு பேரை நான் அடிக்கடி நினைத்துக்கொள்கிறேன். அவர்களுக்கு உண்மையாகவே குறைபாடு இருந்தது. தங்கள் தோழர்கள் யார் என்று அறியாமலோ, அறிந்தும் சொல்ல வழியில்லாமலோ அவர்கள் ஆடினார்கள். பதக்கங்கள் பறிக்கப்பட்டபோது அவர்களுடையதும் போயிற்று.

அதற்குப் பின் நடந்தது தாவீதின் அவசரத் தீர்ப்பை ஒத்திருந்தது. பாராலிம்பிக் குழு மற்ற நாடுகளின் பதிவுப் படிவங்களையும் சோதித்தபோது, அவற்றில் பெரும்பகுதி முறையாக இல்லை எனக் கண்டது. 2001 ஜனவரியில் உலகச் சங்கத்தை இடைநீக்கம் செய்தது. அறிவுசார் குறைபாடு உடைய வீரர்கள் எல்லாரும், எந்த நாட்டவராயினும், பாராலிம்பிக் போட்டிகளிலிருந்து விலக்கப்பட்டார்கள். 2004இல் ஏதென்ஸ் போட்டிகள் அவர்கள் இல்லாமல் நடந்தன. 2008இல் பெய்ஜிங்கிலும் அப்படியே.

குழுவின் பக்கத்திலும் நியாயம் இல்லாமல் இல்லை. கால் இல்லாததை யாரும் கண்டுகொள்ளலாம், புரிந்துகொள்ளும் ஆற்றலின் குறைவைக் கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாது. நம்பத்தக்க அளவுகோல் இல்லாமல் போட்டி நடத்தினால் இன்னொரு சிட்னி வரும். இதை ஏற்றுக்கொள்கிறேன். ஆனாலும் ஒரு நீச்சல்காரரின் உச்ச பருவம் எத்தனை ஆண்டு? எட்டு, மிஞ்சினால் பத்து. ரெய்க்யாவிக் நகரில் தினமும் அதிகாலையில் குளத்தில் இறங்கிப் பயிற்சி செய்த ஒரு இளைஞர், மாட்ரிட் நகரில் எவரோ நிரப்பிய பொய்ப் படிவத்துக்காக, தம் வாழ்நாளின் ஒரே வாய்ப்பை இழந்தார். அவர் பொய் சொல்லவில்லை. ஏன் என்று அவருக்கு விளக்கிச் சொல்வதுகூடக் கடினமாக இருந்திருக்கும். பத்தொன்பதாம் அதிகாரத்தில் மேவிபோசேத் தன்னை ஒருவன் வஞ்சித்தான் என்று எடுத்துரைத்தான், ராஜாவும் செவிகொடுத்துக் கேட்டார். இவர்களுக்கு அந்தச் சபை கூடப் பல ஆண்டுகள் ஆயின.

அந்த ஆண்டுகளில் சிலர் பொறுமையாக ஒரு வேலையைச் செய்தார்கள். இங்கிலாந்தின் கான்டர்பரி நகரிலும் பெல்ஜியத்தின் லூவன் நகரிலும் இருந்த ஆய்வாளர்கள், அறிவுசார் குறைபாடு விளையாட்டில் எங்கே, எப்படி வெளிப்படுகிறது என்று ஆராய்ந்தார்கள். தசையில் குறை இல்லை, பின் எதில் குறை? ஓட்டக்காரர் ஒருவர் தம் வேகத்தைச் சுற்றுக்குச் சுற்று அளந்து பகிர்ந்துகொள்ள வேண்டும். தொடக்கத்திலேயே பலத்தையெல்லாம் செலவழித்துவிட்டால் கடைசிச் சுற்றில் சோர்ந்துபோவார். மேசைப்பந்து ஆடுகிறவர் எதிரி பந்தை எப்படிச் சுழற்றுகிறார் என்று கணநேரத்தில் படித்து அடுத்த அடியைத் தீர்மானிக்க வேண்டும். நீச்சலிலும் கை வீச்சின் கதியைக் கணித்துக் காக்க வேண்டும். இப்படிப்பட்ட கணிப்பே அவர்களுக்குக் கடினம். எனவே புத்திக்கூர்மை அளவு, அன்றாட வாழ்வில் உள்ள இடர், 18 வயதுக்கு முன்பே குறைபாடு தோன்றியதற்கான சான்று ஆகிய மூன்றோடும், அந்தந்த விளையாட்டுக்கென்று வகுத்த சோதனையும் சேர்க்கப்பட்டது. 2009 நவம்பரில் கோலாலம்பூரில் கூடிய பாராலிம்பிக் பொதுச்சபை அவர்களைத் திரும்பச் சேர்த்துக்கொள்ள வாக்களித்தது.

சேர்த்துக்கொண்டது முழுவதுமாக அல்ல. லண்டனில் தடகளம், நீச்சல், மேசைப்பந்து ஆகிய மூன்றில் மட்டுமே இடம். அவற்றிலும் சில நிகழ்ச்சிகளே. நீச்சலில் ஆண்களுக்கு மூன்று, பெண்களுக்கு மூன்று. கூடைப்பந்து திரும்பி வரவேயில்லை. டவுன் சிண்ட்ரோம் உள்ளவர்கள் அதே பிரிவில் மற்றவர்களோடு போட்டியிட்டு இறுதிச் சுற்றுக்கு வருவது அரிது. அது இன்றும் விவாதத்தில் இருக்கிறது. நிலம் பாதியாகவே பங்கிடப்பட்டது.

அளவுகோலைப் பற்றிப் பேசுகையில், நம் சபைகளில் நாம் வைத்திருக்கும் அளவுகோலும் என் மனதில் வருகிறது. விளையாட்டுக்கு அளவுகோல் தேவை, அங்கே ஒருவர் மற்றொருவரை வெல்ல வேண்டியிருக்கிறது. கர்த்தருடைய பந்தியில் யார் யாரை வெல்லப்போகிறோம்? விசுவாசப் பிரமாணத்தையும் பத்துக் கற்பனைகளையும் பிழையின்றி ஒப்பிக்க முடியவில்லை என்பதற்காகத் திடப்படுத்தல் வகுப்பிலிருந்து ஆண்டுக்காண்டு தள்ளிவைக்கப்படும் பிள்ளைகள் உண்டு. ஆராதனையில் சத்தம் போடுவான் என்று அஞ்சி, தாயானவள் பிள்ளையோடு கடைசி வாங்கிலேயே உட்கார்ந்து, திருவிருந்து தொடங்கும்முன் எழுந்து போய்விடுகிறாள். அவளை எழுந்து போகும்படி எவரும் சொல்லவில்லை. எவரும் தடுக்கவும் இல்லை. மேவிபோசேத்துக்கு ராஜாவின் பந்தியில் இடம் கிடைத்தது யோனத்தானோடு தாவீது செய்திருந்த உடன்படிக்கையினால். அவன் எதையும் ஒப்பித்துக் காட்டவில்லை. அப்படிப்பட்ட பிள்ளை உங்கள் வீட்டில் இருந்தால், வருகிற திடப்படுத்தல் ஆராதனைக்கு முன் என்னிடம் வந்து பேசுங்கள். வர இயலாவிட்டால் சொல்லி அனுப்புங்கள், நான் வீட்டுக்கு வருகிறேன்.

2012 ஆகஸ்டு மாத இறுதியில் லண்டன் பாராலிம்பிக் தொடங்கியது. ஐஸ்லாந்து அனுப்பிய அணியில் மொத்தம் நான்கே பேர். அவர்களில் இருவர் தடகள வீரர்கள். மற்ற இருவரும் நீச்சல்காரர்கள், அறிவுசார் குறைபாடு உடையோர் பிரிவில் போட்டியிட்டவர்கள். வாசல் அடைபட்டே இருந்திருந்தால் அந்த அணி பாதியாகச் சுருங்கியிருக்கும்.

நீச்சல்காரர்களில் ஒருவர் யோன் மார்கெய்ர் ஸ்வெரிசன். ஸ்வெரிர் என்பவரின் மகன் யோன், நம் மொழியில் யோவான். மாட்ரிட் போட்டிகள் முடிந்து இரண்டு மாதங்கள் கழித்து, 1992 நவம்பரில் பிறந்தவர். சிட்னியில் அந்தக் கூடைப்பந்து ஆட்டம் நடந்தபோது அவருக்கு எட்டு வயதுகூட நிறையவில்லை. அவர் நீந்தக் கற்று, பயிற்சி பெற்று, வேகம் கூடிய ஆண்டுகள் எல்லாம் வாசல் அடைபட்டிருந்த ஆண்டுகள். எங்கே போய் நிற்கப்போகிறோம் என்று தெரியாத காலத்திலும் அவருடைய பயிற்சியாளர்கள் அவரைக் குளத்தில் இறக்கினார்கள். லண்டன் வாசல் திறந்த செய்தி வந்தபோது அவர் ஆயத்தமாக இருந்தார். இதைச் செய்தவர்களின் பெயர்களைப் பெரும்பாலும் எந்தப் பதிவேடும் சொல்லாது.

செப்டம்பர் 2, ஞாயிற்றுக்கிழமை. 200 மீட்டர் ஃப்ரீஸ்டைல் இறுதிச் சுற்று. 50 மீட்டர் குளத்தில் நான்கு நீளம். முன்னே சொன்ன அந்தக் கணிப்பு இங்கேதான் வேண்டியிருக்கிறது. முதல் நீளத்தில் எவ்வளவு பலத்தைக் கொடுப்பது, கடைசி நீளத்துக்கு எவ்வளவு மிச்சம் வைப்பது என்று அறிந்து நீந்த வேண்டும். யோன் 1 நிமிடம் 59.62 வினாடிகளில் சுவரைத் தொட்டார். அது உலக சாதனை. ஆஸ்திரேலிய வீரரும் தென் கொரிய வீரரும் அடுத்தடுத்துத் தொட்டார்கள். முதல் மூவருக்கும் இடையே அரை வினாடி இடைவெளிகூட இல்லை. மூவருமே இரண்டு நிமிடத்துக்குள் நீந்தி முடித்திருந்தார்கள். அந்தப் போட்டிகளில் ஐஸ்லாந்து பெற்ற ஒரே பதக்கம் அதுவே.

ஸ்பெயினில் வழக்கு அடுத்த ஆண்டில்தான் முடிந்தது. 2013இல் மாட்ரிட் நீதிமன்றம் மார்ட்டின் விசென்டேயைக் குற்றவாளி என்று தீர்த்தது. 5,400 யூரோ அபராதம். பெற்ற மானியத்தில் 1,42,355 யூரோவைத் திருப்பிச் செலுத்த வேண்டும். அவரோடு குற்றம் சாட்டப்பட்டிருந்த மற்றவர்கள் விடுவிக்கப்பட்டார்கள். சீபாவுக்குக் கடைசியில் பாதி நிலம் மிஞ்சியதைப் படித்துக் கோபப்படுகிறவர்கள் இதையும் படிக்கலாம்.

மேவிபோசேத்தின் வாயிலிருந்து கடைசியாக வரும் பேச்சு நிலத்தைப் பற்றியது அல்ல. ராஜா சமாதானத்தோடே வீடு திரும்பியிருக்கையில் சீபாவே எல்லாவற்றையும் எடுத்துக்கொள்ளட்டும் என்று சொல்லி அவன் தன் பேச்சை முடிக்கிறான். அதை வைராக்கியமுள்ள அன்பு என்று சிலர் சொல்வார்கள், களைத்துப்போனவனின் பேச்சு என்றும் சிலர். நான் இன்னும் இதில் முடிவுக்கு வரவில்லை. ஆனால் அவன் விட்டுக்கொடுத்தான் என்பதைக் காட்டி, இன்று ஒருவரிடமிருந்து பறிக்கப்பட்டதைத் திருப்பிக் கொடுக்காமல் இருக்க நமக்கு உத்தரவு இல்லை. விட்டுக்கொடுக்கும் உரிமை அவனுக்கே இருந்தது, தாவீதுக்கு இல்லை.

லண்டனுக்குத் திரும்புகிறேன். பதக்க மேடையில் வென்றவரின் நாட்டுப்பண் இசைக்கப்படும். ஐஸ்லாந்தின் நாட்டுப்பண் மற்ற நாடுகளுடையதைப் போன்றதன்று. அதன் பெயருக்கே துதிப்பாடல் என்று பொருள். 1874இல், அந்தத் தீவில் மனிதர் குடியேறி ஆயிரம் ஆண்டு நிறைந்ததைக் கொண்டாடுவதற்காக, மத்தியாஸ் யோக்கும்சன் என்ற போதகர் சங்கீதம் 90ஐத் தழுவி அதை எழுதினார். போரையோ மன்னரையோ அது பாடவில்லை. தேவனுக்கு முன்பாக ஆண்டுகள் எவ்வளவு சிறியவை என்பதைப் பாடுகிறது. அந்த ஆண்டு ஆகஸ்டு 2ஆம் தேதி ரெய்க்யாவிக் பேராலய ஆராதனையில் முதன்முதலாக ஒலித்தது. சுருதி மிகத் தாழ்விலிருந்து மிக உயரத்துக்குப் போவதால் பாடுவது கடினம் என்று அந்த ஊரார் குறைப்பட்டுக்கொள்வதுண்டு. பன்னிரண்டு ஆண்டுகளுக்குப் பின் திறந்த அந்த வாசலுக்குள், நான்கு பேர் கொண்ட அணியின் கொடி நடுவில் ஏறியது. நீச்சல் அரங்கில் கூடியிருந்தவர்கள் எல்லாரும் அந்தப் போதகரின் துதிப்பாடலுக்கு எழுந்து நின்றார்கள். மேடையின் நடுப்படியில் நின்ற யோனுக்கு அப்போது வயது 19.